வெங்கச்சங்கல்லுக்குள் காலம்

காலத்தை நிறுத்தும் கல், காலத்தைப் பின்னுக்குத் திருப்பும் கல் என்று கதைகளில் வருவதெல்லாம் கிடைத்தற்கரியதாகவே இருக்கும். ஏழு மலை தாண்டி ஒரு குகை, குகைக்குள் ஒரு நாகம், நாகத்தின் வாயில் அந்தக் கல். எங்கள் திருத்தணிப் பக்கத்தில் அது வரப்பிலும் ஏரிக்கரையிலும் கிடக்கிறது. வெங்கச்சங்கல் என்போம். வெள்ளையாக, பால் உறைந்தாற்போல, வெயிலில் மின்னும். பையன்கள் இரண்டைப் பொறுக்கி, விளக்கை அணைத்துவிட்டு ஒன்றோடொன்று தேய்ப்பார்கள். கல்லுக்குள் மங்கலாக ஒரு வெளிச்சம் ஓடும், கருகிய வாடை வரும். குவார்ட்ஸ் என்று புத்தகத்தில் படிக்கிறோமே, அதுதான் இது. சிலிக்கனும் ஆக்சிஜனும் சேர்ந்த படிகம். ஆற்று மணலில் பெரும்பங்கு இதுதான்.

நான் கைக்கடிகாரம் பழுது பார்க்கிறவன். அப்பா காலத்திலிருந்து இதுதான் தொழில். அவர் நாளில் சாவி கொடுக்கிற வாட்ச். எச்.எம்.டி. ஜனதா, பைலட் என்று வரும். உள்ளே சுருள்வில், பற்சக்கரங்கள், இடமும் வலமும் ஆடும் ஒரு சின்னச் சக்கரம். என் நாளில் பின்மூடியைத் திறந்தால் பேட்டரி, காயில், கறுப்பாக ஒரு சில்லு, பக்கத்தில் அரிசியைவிடச் சற்றே பெரிய ஒரு வெள்ளி நிற உருளை. அந்த உருளைக்குள்தான் குவார்ட்ஸ் இருக்கிறது. இசைக்கவைபோல இரண்டு கால்களாக வெட்டிய மெல்லிய துண்டு. தோண்டி எடுத்த கல் அல்ல. தொழிற்சாலையில் பெரிய அழுத்தத் தொட்டிகளில் வளர்த்து எடுத்த படிகம். கல்லின் குணம் மட்டும் அதேதான்.

அந்தக் குணத்தை 1880ல் பிரான்சில் ழாக் கியூரி, பியேர் கியூரி என்ற சகோதரர்கள் கண்டுபிடித்தார்கள். குவார்ட்ஸை அழுத்தினால் அதன் முகங்களில் மின்னேற்றம் தோன்றுகிறது. திருப்பி, மின்னழுத்தம் கொடுத்தால் கல் நெளிகிறது. விட்டு விட்டுக் கொடுத்தால் அதிர்கிறது. எந்த வேகத்தில் அதிர வேண்டும் என்பது அதன் அளவையும் வெட்டிய விதத்தையும் பொறுத்தது. கைக்கடிகாரக் கல்லை விநாடிக்கு 32,768 முறை அதிரும்படி வெட்டுகிறார்கள். இரண்டை இரண்டால் பெருக்கிக்கொண்டே போனால் பதினைந்தாவது இடத்தில் வரும் எண் அது. சில்லு அதைப் பதினைந்து முறை பாதி பாதியாகக் குறைக்கிறது. கடைசியில் மிஞ்சுவது விநாடிக்கு ஒரு துடிப்பு. அந்தத் துடிப்பு காயிலுக்குப் போய் முள்ளை ஓர் அடி நகர்த்துகிறது. 1927ல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் வாரன் மாரிசன் செய்த முதல் குவார்ட்ஸ் கடிகாரம் ஆய்வகத்தை விட்டு நகர்த்த முடியாத அளவு பெரியது. 1969 டிசம்பர் 25 அன்று ஜப்பானில் சீகோ நிறுவனம் அதை மணிக்கட்டுக்குக் கொண்டுவந்தது. நம் பக்கம், டாட்டாவும் டிட்கோவும் 1984ல் கூட்டாகத் தொடங்கிய டைட்டன் ஓசூரில் ஆலை போட்ட பிறகு, சாவி வாட்ச் சீக்கிரமே பெட்டிக்குள் போய்விட்டது.

கல் காலத்தை வளைக்குமா என்று கேட்டால், சின்ன அளவில் வளைக்கும் என்பேன். கோடையில் வானிலைச் செய்தி கேட்பவர்களுக்குத் திருத்தணியைத் தெரியும். மாநிலத்தின் அதிக வெப்பம் எங்கள் ஊரில் பதிவாகிற நாள்கள் பல. கைக்கடிகாரக் கல்லை 25 டிகிரிச் சூட்டில் சரியாக அதிரும்படி செய்திருப்பார்கள். அதற்கு மேலே போனாலும் கீழே போனாலும் அதிர்வு குறையும். 45 டிகிரியில் நாள் முழுக்கக் கிடந்தால் ஒரு விநாடிக்குச் சற்று மேல் பின்தங்கும். கையில் கட்டியிருந்தால் உடம்புச் சூடும் வெளிச்சூடும் ஓரளவு சமப்பட்டு, கல் தன் நிதானத்திலேயே இருக்கும். அக்னி நட்சத்திரத்தில் நகரியிலிருந்தும் புத்தூரிலிருந்தும் வருகிற லாரிக்காரர்கள், "அண்ணா, பேட்டரி போன மாசம்தான் போட்டது, அதுக்குள்ள லேட்டா ஓடுது" என்பார்கள். வண்டியின் முன்கண்ணாடியோரம் வைத்துவிட்டுப் போகிறீர்களா என்று முதலில் கேட்பேன்.

    

இவ்வளவும் குவார்ட்ஸ் காலத்தை அளக்கும் கதை. இதே கல் காலத்தைச் சேர்த்தும் வைக்கும். அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரையே எழுதுகிறேன். ஏனென்றால் உலகமே திரும்பிப் பார்த்த அந்தக் கணக்கு எங்கள் மாவட்டத்து மண்ணில்தான் போடப்பட்டது. எங்கள் ஊரில் பலருக்கே அது தெரியாது.

திருத்தணியிலிருந்து திருவள்ளூர் போய், பூண்டி ஏரியைத் தாண்டினால் கொசஸ்தலையாற்றின் கரையோரம் அத்திரம்பாக்கம். ஆந்திரத்திலிருந்து வரும் நகரி ஆறு, எங்கள் நந்தியாறு எல்லாம் சேர்கிற ஆறுதான் கொசஸ்தலை. 1960ல் திருத்தணி தமிழ்நாட்டோடு சேர்ந்தது, நகரி அந்தப் பக்கம் நின்றது. அந்த எல்லைக்காக நடந்த போராட்டத்தைப் பார்த்த பெரியவர்கள் இன்னும் ஊரில் இருக்கிறார்கள். ஆனால் ஆறு கொண்டுவந்து போட்ட கூழாங்கல்லுக்கு இந்த எல்லை எதுவும் இல்லை. அல்லிக்குழி மலைப் பக்கத்துக் கூழாங்கற்கள் குவார்ட்சைட். பழைய மணற்பாறை ஆழத்தில் சூட்டிலும் அழுத்தத்திலும் இறுகினால் அந்தக் கல். மணல்மணிகள் அத்தனையும் குவார்ட்ஸ்தான். தட்டினால் கூரான விளிம்போடு பெயரும். கருவி செய்ய அதைவிட நல்ல கல் இந்தச் சுற்றுவட்டாரத்தில் கிடையாது.

ராபர்ட் புரூஸ் ஃபூட் என்ற நிலவியலாளர் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையில் 1858ல் சேர்ந்தவர். 1863 மே 30 அன்று பல்லாவரத்தில் மனிதன் செதுக்கிய ஒரு கல்லை எடுத்தார். அதே ஆண்டு செப்டம்பர் 28 அன்று, வில்லியம் கிங்கோடு வந்து அத்திரம்பாக்கத்தில் இன்னும் நிறையக் கண்டெடுத்தார். இரண்டு பக்கமும் செதுக்கிய, கண்ணீர்த்துளி வடிவக் கைக்கோடாரிகள். இந்த மண்ணில் பழைய கற்கால மனிதன் வாழ்ந்தான் என்பதற்குப் பல்லாவரத்துக் கல்லும் இவையுமே முதல் சான்றுகள். ஃபூட் சேகரித்தவை பின்னாளில் எழும்பூர் அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தன.

கருவி கிடைத்தது, வயது கிடைக்கவில்லை. அது கிடைக்க ஏறக்குறைய நூற்றைம்பது ஆண்டு ஆயிற்று. கரி, எலும்பு போன்றவற்றில் உள்ள கார்பனை வைத்துச் சொல்லும் கணக்கு ஐம்பதாயிரம் ஆண்டுக்கு மேல் செல்லாது; கார்பன்-14 அதற்குள் தீர்ந்துவிடும். ஆப்பிரிக்காவில் பல இடங்களில் இருப்பதுபோல வயது சொல்லும் எரிமலைச் சாம்பல் அடுக்குகளும் இங்கே இல்லை. பின் எதைக் கேட்பது? கல்லையேதான் கேட்டார்கள்.

1999ல் சாந்தி பப்புவும் குமார் அகிலேஷும், சர்மா பாரம்பரியக் கல்வி மையத்தின் சார்பில், அத்திரம்பாக்கத்தில் மறுபடி தோண்டத் தொடங்கினார்கள். பல மீட்டர் ஆழக் குழிகள். அடியில் களிமண் அடுக்குகளுக்குள் கைக்கோடாரிகள், அவற்றோடு எருமை, குதிரை, நீலான் போன்ற விலங்குகளின் பற்கள். அந்தக் கருவிகளில் ஆறு, பிரான்சு நாட்டு ஆய்வாளர்களிடம் போயின.

அவர்கள் அளந்த விதம் இது. அண்டவெளியிலிருந்து வேகமான துகள்கள் எந்நேரமும் பூமியைத் தாக்கிக்கொண்டிருக்கின்றன. தரையில் திறந்து கிடக்கும் குவார்ட்ஸில் அவை மோதினால், சிலிக்கன் அணு உடைந்து அலுமினியம்-26 ஆகிறது. ஆக்சிஜன் அணு உடைந்து பெரிலியம்-10 ஆகிறது. ஒரு கிராம் கல்லில் ஆண்டுக்கு மிகக் குறைவான அணுக்கள்தான். அலுமினியம் ஏழு என்றால் பெரிலியம் ஒன்று, ஏறக்குறைய இந்த விகிதம். இரண்டும் கதிரியக்கம் உள்ளவை, தாமாகவே சிதைபவை. அலுமினியம்-26 சுமார் ஏழு லட்சம் ஆண்டில் பாதியாகும். பெரிலியம்-10 பாதியாகச் சுமார் பதினான்கு லட்சம் ஆண்டு வேண்டும்.

கல் ஆழமாகப் புதைந்துவிட்டால் மேலே உள்ள மண் துகள்களைத் தடுத்துவிடும். புதிய அணு உண்டாவது ஏறக்குறைய நின்றுபோகும், பழையது சிதைவது மட்டும் தொடரும். ஏழுக்கு ஒன்று என்றிருந்த விகிதம் இறங்கிக்கொண்டே வரும். பதினான்கு லட்சம் ஆண்டு போனால் மூன்றரைக்கு ஒன்று. விகிதத்தை அளந்தால் கல் எப்போது புதைந்தது என்று சொல்லிவிடலாம். அந்த ஆறு கருவிகளின் சராசரி 15 லட்சத்து 10 ஆயிரம் ஆண்டு. எவ்வளவு குறைத்துப் பார்த்தாலும் பத்து லட்சத்துக்குக் கீழே வரவில்லை. அடுக்குகளின் காந்தத் திசையும் இன்றைக்கு நேர் எதிராக இருந்தது. பூமியின் காந்தம் கடைசியாகத் திரும்பியது சுமார் 7 லட்சத்து 80 ஆயிரம் ஆண்டு முன்னால் என்பதால், அந்த மண் அதற்கும் முந்தியது என்பது உறுதியாயிற்று. 2011 மார்ச்சில் 'சயின்ஸ்' இதழில் இது வெளியானது. அதுவரை, கைக்கோடாரி செய்கிற மனிதன் இந்தியாவுக்கு ரொம்பப் பிற்பாடு வந்தான் என்று எண்ணியிருந்தவர்கள் பலர்.

எனக்கு இதைவிட நெஞ்சைத் தொட்டது 2018ல் வந்த இரண்டாவது கணக்கு. அது கற்கருவியை விட்டுவிட்டு, அதைச் சுற்றியிருந்த மணலைக் கேட்டது.

மண்ணில் எங்கும் துளித்துளியாக யுரேனியம், தோரியம், பொட்டாசியம் உண்டு. அவற்றின் கதிர்வீச்சு பக்கத்தில் கிடக்கும் மணல்மணிக்குள் பாய்ந்து எலக்ட்ரான்களைக் கிளப்பிவிடும். படிகத்துக்குள் இருக்கும் குறைகளில் அவை சிக்கிக்கொள்ளும். ஆண்டு ஏற ஏறச் சிக்கியவற்றின் எண்ணிக்கையும் ஏறும். மணல்மணி வெயிலைப் பார்த்தால் போதும், சிக்கியதெல்லாம் விடுபட்டுவிடும். குவார்ட்ஸுக்குச் சில நிமிட வெயில் போதும். மறுபடி புதைந்தால் கணக்கு பூஜ்யத்திலிருந்து தொடங்கும். ஆகவே ஆய்வாளர்கள் குழியின் சுவரில் ஒளி புகாத குழாயை அடித்து இறக்கி, உள்ளே இருக்கும் மணலை வெளிச்சம் படாமல் எடுத்துப் போவார்கள். ஆய்வகத்தில் மங்கலான சிவப்பு விளக்கு மட்டும் எரியும். அங்கே மணல்மணி மேல் அளவான ஒளியைப் பாய்ச்சினால், சிக்கியிருந்த எலக்ட்ரான்கள் விடுபட்டு, மணியே ஒளிவிடும். எவ்வளவு ஒளிவிடுகிறதோ அவ்வளவு காலம் அது இருட்டில் இருந்திருக்கிறது.

குவார்ட்ஸின் சிக்குமிடங்கள் ஒன்றிரண்டு லட்சம் ஆண்டில் நிரம்பிவிடும். அதற்கு மேல் ஃபெல்ட்ஸ்பார் என்னும் கனிமம் தாங்கும். மணலில் அதுவும் கலந்தே இருக்கும். அதை அகச்சிவப்பு ஒளியால் எழுப்ப வேண்டும். அகமதாபாத் இயற்பியல் ஆராய்ச்சிக் கூடத்தில் அசோக் சிங்வியும் அவர் குழுவினரும் இந்த வழியில் அத்திரம்பாக்க மணலை அளந்தார்கள். 3 லட்சத்து 85 ஆயிரம் ஆண்டு. முன்னே பின்னே 64 ஆயிரம் ஆண்டு இருக்கலாம். அந்த அடுக்கிலிருந்து மேலே, சுமார் 1 லட்சத்து 72 ஆயிரம் ஆண்டு வரையுள்ள அடுக்குகளில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட கருவிகள். பெரிய கைக்கோடாரிகள் குறைந்து, சின்னச் சின்னச் சில்லுகள் கூடியிருந்தன. பெயர்க்கப்போகிற சில்லின் வடிவத்தை மூலக்கல்லில் முன்கூட்டியே செதுக்கித் தயாரித்துக்கொண்டு, ஒரே தட்டில் பெயர்த்திருக்கிறார்கள். லெவலுவா முறை என்பார்கள். தொழில்காரனாகச் சொல்கிறேன், மனசுக்குள் முழுப் பொருளையும் பார்த்துவிட்டுக் கையை வைக்கிற வேலை அது. இந்த முறை இந்தியாவுக்கு ஒன்றே கால் லட்சம் ஆண்டு முன்பு வாக்கில், ஆப்பிரிக்காவிலிருந்து வந்த நம் இனத்தோடு வந்திருக்கலாம் என்பது ஒரு முக்கியமான கருத்தாக இருந்தது. 'நேச்சர்' இதழில் வந்த அத்திரம்பாக்கக் கட்டுரை அதை அசைத்துவிட்டது.

லட்சம் லட்சமாகச் சொன்னால் மனம் மரத்துப்போகிறது. எங்கள் மலைப்படியை வைத்துச் சொல்கிறேன். திருத்தணி மலைக்கு 365 படி, ஆண்டின் நாளுக்கு ஒன்று என்று கணக்கு. டிசம்பர் 31 அன்று படித்திருவிழாவில் ஒவ்வொரு படிக்கும் பூசை செய்து பாடிக்கொண்டே ஏறுவார்கள். முதல் படியில் அத்திரம்பாக்கத்தின் அந்தப் பழைய கைக்கோடாரியை வையுங்கள், கடைசிப் படியில் இன்றைய நாளை வையுங்கள். ஒரு படிக்கு நாலாயிரத்து நூறு ஆண்டு வரும். லெவலுவாச் சில்லு செய்தவர்கள் வருவது, உச்சிக்குக் கீழே 94ஆம் படியில். நம் இனத்தின் மிகப் பழைய எலும்புகள் மொராக்கோவில் கிடைத்தவை, சுமார் மூன்று லட்சம் ஆண்டு. 73 படி கீழே. உழவு தொடங்கியது இரண்டரைப் படிக்கு முன். சிவகளையில் தோண்டியெடுத்த இரும்பு ஒன்றேகால் படி. கீழடி கடைசிப் படிக்குள்ளேயே அடக்கம். ஊருக்குள் இருக்கும் வீரட்டானேசுவரர் கோயில் பல்லவன் அபராஜிதன் காலத்தில், 9ஆம் நூற்றாண்டில் கட்டியது. அது கடைசிப் படியின் கால்பாகத்தில் நிற்கிறது.

மலை ஏறும்போது இந்தக் கணக்கை நினைத்துக்கொண்டு ஏறிப்பாருங்கள். பாதி மலை தாண்டியும் நம் இனம் வந்திருக்காது. கல்லைத் தட்டிக்கொண்டு வேறு யாரோ இருப்பார்கள்.

இந்தக் கணக்கெல்லாம் கல்லும் மணலும் இருந்த இடத்திலேயே இருந்ததால்தான் போட முடிந்தது. கருவியை எடுத்து வீட்டு அலமாரியில் வைத்தால், எந்த அடுக்கில், எந்த மணலோடு, எதன் பக்கத்தில் இருந்தது என்பது போயிற்று. மணலைக் கிளறிப் போட்டாலோ அன்றைய வெயிலிலேயே அதன் கணக்கு அழிந்துவிடும். மூன்றே முக்கால் லட்சத்துக்கும் மேற்பட்ட ஆண்டு இருட்டில் சேர்த்தது ஒரு முற்பகலில் போகும். இது எனக்கு உண்மையிலேயே வலிக்கிற விஷயம். எங்கள் மாவட்டத்தில் சவுடு மண்ணுக்கும் கிராவலுக்கும் பொக்லைன் இறங்காத பக்கம் குறைவு. வீடு கட்ட மண் வேண்டும், யாரும் மறுக்கவில்லை. ஆனால் அத்திரம்பாக்கம் தனி இடம் அல்ல. குடியம் குகையும் அதைச் சுற்றிய சரளை மேடுகளும் கொசஸ்தலைக் கரை நெடுகக் கிடக்கும் செம்மண் திட்டுகளும் அதே கதையின் பக்கங்கள். இப்படிப்பட்ட இடத்தில் மண் அள்ள அனுமதி கொடுக்கும் முன் தொல்லியல் அறிந்த ஒருவர் ஒரு நாள் நடந்து பார்க்க வேண்டும் என்று ஒரு விதி இருந்தால் எவ்வளவு மிஞ்சும்!

பிள்ளைகளை அழைத்துப் போக நினைப்பவர்கள் முதலில் பூண்டிக்குப் போங்கள். ஏரிக்கருகே தமிழ்நாடு தொல்லியல் துறையின் சின்ன அருங்காட்சியகம் இருக்கிறது, கைக்கோடாரிகளைக் கண்ணெதிரே பார்க்கலாம். அத்திரம்பாக்கம் பாதுகாக்கப்பட்ட இடம். அங்கே தரையில் செதுக்கிய கல்லைப் பார்த்தால் தொடாமல் படம் எடுத்துக்கொள்ளுங்கள். உங்கள் நிலத்தில் கிணறு வெட்டும்போதோ வேலிக்கால் நடும்போதோ அப்படி ஒன்று தட்டுப்பட்டால், எந்த ஆழத்தில், எந்த நிற மண்ணில் என்று குறித்துவைத்து, பூண்டியில் சொல்லுங்கள். கல்லைவிட அந்தக் குறிப்புத்தான் அவர்களுக்கு வேண்டும்.

இன்னும் கேட்க வேண்டிய பெரிய கேள்வி ஒன்று பாக்கி. அத்திரம்பாக்கத்தில் கருவி கிடைத்திருக்கிறது, விலங்கின் பல் கிடைத்திருக்கிறது, கருவி செய்தவரின் எலும்பு ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. இந்தியாவிலேயே மிகப் பழைய மனித மண்டை ஓடு என்று சொல்ல நர்மதைக் கரையில் ஹத்னோராவில் 1982ல் அருண் சோனாக்கியா கண்டெடுத்தது ஒன்றுதான். தமிழ்நாட்டில் கைக்கோடாரி செதுக்கிய கை யாருடையது, அவர்கள் வழி அற்றுப்போனதா, பின்னால் வந்தவர்களோடு கலந்ததா? இதற்குப் பதில் சொல்லக்கூடிய மண் கொசஸ்தலைக் கரையில் தோண்டாமல் கிடக்கிறது. அதை அளக்க இன்னும் நுட்பமான முறைகள் ஆய்வகங்களில் தயாராகிக்கொண்டிருக்கின்றன. அவை வந்து சேரும்வரை அந்த மண் வெயில் படாமல் இருக்க வேண்டும்.